‘நாங்கள்’ என்று சொன்னவர்கள்: இணைச்சட்டம் 26-உம் மீட்பு வரலாற்றுச் சிந்தனையும்

நிலத்தின் முதற்பலனைக் கூடையில் எடுத்துக்கொண்டு உழவர் ஒருவர் திருத்தலத்துக்கு வருகிறார். குரு கூடையை வாங்கிப் பலிபீடத்தின் முன் வைக்கிறார். அப்போது உழவர் அறிக்கையிட வேண்டிய வாசகத்தை இணைச்சட்டம் (உபாகமம்) 26-ஆம் அதிகாரத்தின் 5 முதல் 10 வரையுள்ள வசனங்கள் வகுத்துத் தருகின்றன. விளைச்சலுக்கு நன்றி சொல்ல வந்தவர் மழையைப் பற்றிப் பேசுவதில்லை. விதைத்ததையும் அறுத்ததையும் பற்றிப் பேசுவதில்லை. நிலையான இடமின்றித் திரிந்த ஓர் அரமேயரே தம் மூதாதை என்று தொடங்குகிறார். அந்த மூதாதை சிறு கூட்டத்தோடு எகிப்துக்குப் போய்த் தங்கினார். அங்கே பெரிய இனமாகப் பெருகினார். அதுவரை ‘அவர்’ என்று போன கதை, எகிப்தியரின் கொடுமைக்கு வந்ததும் ‘நாங்கள்’ என்று மாறிவிடுகிறது. ஒடுக்கப்பட்டது நாங்கள், கூக்குரலிட்டது நாங்கள், விடுவிக்கப்பட்டதும் நாங்களே. கடைசியில், இந்த நிலத்தின் முதற்பலனை இதோ கொண்டுவந்திருக்கிறேன் என்று ‘நான்’ பேசுகிறது.

கானானில் பிறந்து வளர்ந்த ஓர் உழவர், பல தலைமுறைகளுக்கு முன் எகிப்தை விட்டு வந்தவர்களோடு தம்மை எந்த உரிமையில் சேர்த்துக்கொள்கிறார்? கடவுள் வரலாற்று நிகழ்வுகளின் வழியே மக்களை மீட்கிறார் என்ற, கிறிஸ்தவ இறையியலில் ‘மீட்பு வரலாறு’ எனப்படும் சிந்தனையின் வளர்ச்சியை இந்த ஒரு கேள்வியைப் பிடித்துக்கொண்டே பின்தொடரலாம். 20-ஆம் நூற்றாண்டின் ஆய்வாளர்கள் பெரும்பாலும் ‘என்ன நடந்தது’ என்பதைப் பற்றியே வாதிட்டார்கள். வாசகமோ ‘யார் சொல்கிறார்’ என்பதையும் அதே அளவு முக்கியமாக்குகிறது. அந்த இரண்டாவது கேள்வியை நழுவவிட்டதால்தான் மீட்பு வரலாற்று இறையியல் ஒரு கட்டத்தில் முட்டுச்சந்தில் போய் நின்றது என்பது என் கருத்து.

புதிய ஏற்பாட்டு ஆசிரியர்கள் இந்தக் கேள்வியின் கூர்மையை நன்றாக அறிந்திருந்தார்கள். திருத்தூதர் பணிகள் 7-ஆம் அதிகாரத்தில் ஸ்தேவான் தலைமைச் சங்கத்தின் முன் இஸ்ரயேலின் வரலாற்றை ஆபிரகாமிலிருந்து சொல்லிக்கொண்டு வருகிறார். தொடக்கத்தில் ஆபிரகாம் ‘நம் தந்தை’. யோசேப்பு, மோசே, கூடாரம் என்று கதை நகரும்போதும் ‘நம் மூதாதையர்’தான். 51-ஆம் வசனத்தில் திடீரென்று குரல் மாறுகிறது. இறைவாக்கினரைத் துன்புறுத்தியவர்கள் ‘உங்கள் மூதாதையர்’ ஆகிவிடுகிறார்கள். அதே வரலாறு, அதே பேச்சாளர்; ‘நாம்’ மட்டும் உடைகிறது. பவுல் இதற்கு நேர் எதிர்த்திசையில் போகிறார். கொரிந்து சபையாரில் பலர் யூதரல்லாதவர்கள். அவர்களுக்கு எழுதிய முதல் திருமுகத்தின் 10-ஆம் அதிகாரத்தில், மேகத்தின் கீழ் நடந்து கடலைக் கடந்தவர்களை ‘நம் முன்னோர்’ என்கிறார். அந்தக் கடலைக் கடந்திராத கிரேக்கர்களுக்கும் அந்தப் பயணத்தில் பங்கு கிடைத்துவிடுகிறது.

இந்த விரிவு விவாதமின்றி நிலைபெறவில்லை. பழைய ஏற்பாட்டின் கடவுள் வேறு, இயேசு அறிவித்த தந்தை வேறு என்று போதித்த மார்சியோனை உரோமைச் சபை 144-இல் விலக்கியது. அந்தப் பிளவுக்கு விடையாக லியோன் நகர ஆயர் இரனேயு, இரண்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியில், படைப்பு முதல் கிறிஸ்து வரையிலான வரலாற்றை ஒரே கடவுளின் ஒரே திட்டமாகக் காட்டினார். ஆதாமில் சிதைந்ததைக் கிறிஸ்து தமக்குள் மீண்டும் தொகுத்து நிறைவாக்குகிறார் என்பது அவருடைய மையக் கருத்து. ‘திருத்தூதர் போதனையின் விளக்கம்’ என்ற அவருடைய சிறுநூல் பல நூற்றாண்டுகள் மறைந்து கிடந்து, 1904-இல் ஆர்மேனிய மொழியில் கண்டெடுக்கப்பட்டது. விசுவாசத்தைக் கோட்பாடுகளாக அடுக்காமல் ஆதாம், நோவா, ஆபிரகாம், மோசே, தாவீது என்று கதையாகவே அது சொல்லிச் செல்கிறது. அகுஸ்தினாரும் இதே வழியைப் பரிந்துரைத்தார். புதிதாக வருவோருக்கு எப்படிக் கற்பிப்பது என்று கேட்ட கார்த்தேஜ் திருத்தொண்டர் தேயோகிராத்தியாசுக்கு அவர் எழுதிய நூலின்படி, படைப்பில் தொடங்கும் கதை திருச்சபையின் இன்றைய காலம் வரை வரவேண்டும். கேட்பவரும் கதைக்குள் வந்து சேர்ந்தால்தான் போதனை முழுமை பெறும்.

இந்த வளர்ச்சிக்கு ஓர் இருண்ட பக்கமும் உண்டு. அதைச் சொல்லாமல் கடந்துபோவது நேர்மையல்ல. இரனேயுவின் காலத்தவரான சர்தை ஆயர் மெலித்தோன் தம் பாஸ்கா மறையுரையில் விடுதலைப் பயணத்தைக் கிறிஸ்துவின் முன்னடையாளமாக அழகாக விரித்துரைத்துவிட்டு, கடவுளையே கொன்ற பழியை இஸ்ரயேல்மீது சுமத்துகிறார். பிறருக்குத் திறந்த ‘நாம்’, அதை முதலில் சொன்னவர்களை வெளியே தள்ளுகிறது. அவர்களோ சொல்வதை நிறுத்தவில்லை. கி.பி. 200 அளவில் தொகுக்கப்பட்ட மிஷ்னா, பாஸ்கா இரவில் இதே இணைச்சட்ட வாசகத்தைத் தொடக்கம் முதல் இறுதி வரை விளக்கவேண்டும் என்றும், ஒவ்வொரு தலைமுறையினரும் தாமே எகிப்திலிருந்து வெளியேறியதாகக் கருதவேண்டும் என்றும் விதிக்கிறது. யூத இல்லங்களில் இன்றும் அது தொடர்கிறது. யூதர்கள்மீது அந்தப் பழியைச் சுமத்தக்கூடாது என்று கத்தோலிக்கத் திருச்சபை பொதுச்சங்க அறிக்கையாகச் சொன்னது 1965-இல்தான்.

‘மீட்பு வரலாறு’ தனி இறையியல் கொள்கையாக உருப்பெற்றது 19-ஆம் நூற்றாண்டு ஜெர்மனியில். எர்லாங்கன் பல்கலைக்கழகத்தின் யோகான் ஃபான் ஹோஃப்மான் 1840-களில் வெளியிட்ட ‘இறைவாக்கும் நிறைவேற்றமும்’ அதற்கு அடித்தளம் இட்டது. தனித்தனி வசனங்களை ஆதாரமாகப் பொறுக்கும் பழைய முறையை அவர் ஏற்கவில்லை. விவிலியம் முழுவதும் கிறிஸ்துவை நோக்கி வளரும் ஒரே வரலாறு என்றார்.

இதை நம் வாசகத்தோடு நேரடியாகப் பிணைத்தவர் கெர்ஹார்ட் ஃபான் ராட். 1938-இல் வெளியான ஆய்வில், இணைச்சட்டம் 26:5-9 இஸ்ரயேலின் மிகப் பழைய ‘சிறு வரலாற்று விசுவாச அறிக்கை’ என்றும், தொடக்கநூல் முதல் யோசுவா வரையிலான ஆறு நூல்களும் அந்த விதையிலிருந்து கிளைத்தவை என்றும் அவர் வாதிட்டார். அறிக்கையில் சீனாய் மலை இல்லை, உலகப் படைப்பும் இல்லை என்பதைக் கவனித்து, அவை வேறு மரபுகளிலிருந்து பின்னர் வந்து சேர்ந்தவை என்றார். அவர் அப்போது யேனா பல்கலைக்கழகத்தில் இருந்தார். நாத்சி ஆதரவு ‘ஜெர்மன் கிறிஸ்தவர்’ இயக்கம் அங்கே இறையியல் துறையைக் கைப்பற்றியிருந்தது; அதே துறையின் வால்டர் கிரண்ட்மான் 1939-இல் திருச்சபையில் யூதத் தாக்கத்தை ஒழிப்பதற்கென்று தொடங்கப்பட்ட நிறுவனத்துக்கு அறிவுத் தலைமை ஏற்றார். குருதியையும் மண்ணையும் கடவுளின் வெளிப்பாடாகக் கொண்டாடிய சூழல் அது. அங்கே நின்றுகொண்டு, இஸ்ரயேலின் விசுவாசம் மண்ணிலிருந்து முளைத்ததல்ல, கடவுள் செய்த விடுதலையிலிருந்து பிறந்தது என்று ஓர் அறிஞர் எழுதினார். அவருடைய வாதத்தின் ஒருதலைச் சாய்வைப் பின்னால் வந்தவர்கள் சரியாகவே சுட்டிக்காட்டினார்கள். அந்தச் சாய்வுக்குப் பின்னாலிருந்த துணிவை நாம் மறக்கக்கூடாது.

போருக்குப் பின் இந்தச் சிந்தனை உச்சத்தைத் தொட்டது. ஆஸ்கர் குல்மான் 1946-இல் ‘கிறிஸ்துவும் காலமும்’ நூலில் கிறிஸ்துவைக் காலக்கோட்டின் நடுவில் வைத்தார். தீர்க்கமான போர் வெல்லப்பட்டுவிட்டது, வெற்றி நாள் இன்னும் வரவில்லை என்ற அவருடைய உவமை பரவலாக அறியப்பட்டது. அமெரிக்காவில் ஜார்ஜ் ஏர்னஸ்ட் ரைட் 1952-இல், விவிலிய இறையியல் என்பதே கடவுளின் செயல்களை எடுத்துரைப்பதுதான் என்றார். அகழாய்வாளரான அவர் அந்தச் செயல்களுக்கு மண்ணில் சான்று கிடைக்கும் என்றும் நம்பினார்.

அந்த நம்பிக்கை நிலைக்கவில்லை. 1952 முதல் 1958 வரை எரிகோவை அகழ்ந்த கேத்லீன் கென்யன், யோசுவாவின் காலம் என்று கருதப்பட்ட காலத்துக்குரிய மதில்கள் எதையும் அங்கே காணவில்லை. 1961-இல் லாங்டன் கில்கி நெருடலான ஒரு கேள்வியை எழுப்பினார்: விடுதலைப் பயணத்தின்போது கடலில் கடவுள் செய்தது என்ன? பலத்த காற்று இயற்கையாக வீசியது என்று ஏற்றுக்கொண்டு, அதையே கடவுளின் மாபெரும் செயல் என்று பேசும்போது அந்தச் சொல்லுக்கு என்ன பொருள் மிஞ்சும்? ஞான இலக்கியமும் திருப்பாடல்களில் பலவும் இந்தச் சட்டகத்துக்குள் அடங்கவில்லை என்று ஜேம்ஸ் பார் காட்டினார். விதைப்பும் பிறப்பும் விளைச்சலுமாகிய அன்றாட வாழ்வில் இயங்கும் கடவுளின் ஆசியை மீட்பின் நிழலில் மறைத்துவிடக் கூடாது என்று கிளாஸ் வெஸ்டர்மான் வாதிட்டார். இவற்றுக்கிடையே 1965-இல் லியோன்ஹார்ட் ரோஸ்ட், ஃபான் ராடின் அடிப்படையையே அசைத்தார். அந்த அறிக்கையின் சொற்களும் தொடர்களும் பெரும்பாலும் இணைச்சட்ட நடைக்கே உரியவை. ஆகவே அது பழைய விதையல்ல, பிற்காலச் சுருக்கம் என்றார்.

ரோஸ்ட் சொன்னதே சரி என்று கருதுகிறேன். ஆனால் வாசகம் அதனால் வலுவிழக்கவில்லை. நிலத்தை இழக்கும் அச்சத்தில் இருந்தவர்களோ, இழந்தே விட்டவர்களோ அதற்கு இந்த உருவத்தைக் கொடுத்திருந்தால், ‘நாங்கள்’ என்ற சொல்லின் பாரம் இன்னும் கூடுகிறது. நிலத்தில் கால் பதிக்காத ஒருவரும் அந்த வரலாற்றுக்குள் நிற்கமுடியும் என்றாகிறது.

இந்த வாசலைச் சென்னையில் ஒருவர் திறந்தார். கீழ்ப்பாக்கம் குருகுல் லுத்தரன் இறையியல் கல்லூரியில் பணியாற்றிய அரவிந்த் நிர்மல், தலித் இறையியலுக்கு அடித்தளமிட்ட தம் கட்டுரையில் இதே அறிக்கையை எடுத்து, தலித்துகளின் வரலாற்றை அதன் உருவத்தில் வாசித்தார். திரிந்தலைந்த மூதாதையின் நிலையற்ற வாழ்வில் அவர் தம் மக்களின் வேர்களைக் கண்டார். எகிப்தின் ஒடுக்குமுறையில் சாதிக் கொடுமையைக் கண்டார். உரிமைகளையும் இட ஒதுக்கீட்டையும் பெறுவதோடு இலக்கு முடிந்துவிடுவதில்லை. கடவுளின் சாயலான முழு மனிதத்தன்மையே இலக்கு என்றார். எரிகோவின் மதில் விழுந்ததா என்ற கேள்வி அவருடைய வாசிப்பைத் தொடுவதே இல்லை. வலியை அனுபவித்தவரின் வாயில் வாசகம் என்ன ஆகிறது என்பதிலேயே அவர் கவனம் குவிகிறது.

எதிர்க்குரலும் எழுந்தது. அமெரிக்கப் பழங்குடி அறிஞரான ராபர்ட் ஆலன் வாரியர் 1989-இல் எழுதிய கட்டுரையில், விடுதலைக் கதையைத் தம் மக்கள் கேட்கும்போது கானானியரின் இடத்தில்தான் தங்களைக் காண்கிறார்கள் என்றார். ‘இந்த நாட்டைத் தந்தார்’ என்ற தொடருக்குள், ஏற்கெனவே அங்கே வாழ்ந்தவர்கள் பெயரின்றிப் புதைந்திருக்கிறார்கள். எந்த விளக்கமும் இந்தக் கேள்வியை முழுமையாகத் தீர்க்கவில்லை. தீர்ந்ததுபோல் பேசுவது வாசகத்துக்கும் துரோகம், அந்த மக்களுக்கும் துரோகம்.

ஆயினும் ஒன்றைச் சுட்டிக்காட்டலாம். ஃபான் ராட் இந்த விசுவாச அறிக்கையை 9-ஆம் வசனத்தோடு வெட்டினார். ஆய்வுலகமும் பெரும்பாலும் அங்கேயே நின்றது. அதிகாரம் அங்கே நிற்கவில்லை. 11-ஆம் வசனம், அந்த விளைச்சலின் மகிழ்ச்சியில் லேவியரும் நடுவே வாழும் அந்நியரும் பங்குபெற வேண்டும் என்கிறது. மூன்றாம் ஆண்டின் பத்தில் ஒரு பங்கைக் கொடுத்து முடித்தபின் அதே உழவர் சொல்லவேண்டிய இன்னோர் அறிக்கை 13-ஆம் வசனத்தில் வருகிறது: லேவியருக்கும் அந்நியருக்கும் அநாதைக்கும் கைம்பெண்ணுக்கும் உரியதை என் வீட்டிலிருந்து எடுத்துக் கொடுத்துவிட்டேன் என்பது அதன் உள்ளடக்கம். இரண்டு அறிக்கைகளும் ஒரே வாயிலிருந்து, ஒரே கடவுளின் முன், ஒரே அதிகாரத்தில் வருகின்றன. இரண்டாவதைச் சொல்ல முடியாதவர் முதலாவதன் ‘நாங்கள்’-ஐச் சொல்லலாமா என்பதே மீட்பு வரலாற்றின் அடுத்த கட்ட ஆய்வு எடுத்துக்கொள்ள வேண்டிய கேள்வி; அதற்கு 9-ஆம் வசனத்தில் விழுந்த வெட்டை முதலில் நீக்கியாக வேண்டும்.