புகை மணக்கும் பீன்ஸ் பானை

மெக்சிக்கோ நாட்டில் ஏழையின் குடிசையிலும் செல்வரின் மாளிகையிலும் ஒருசேர அடுப்பேறும் பண்டம் ஒன்று உண்டு. 'ஃபிரிஹோலெஸ் தே லா ஓயா' என்பது அதன் பெயர். 'பானையில் வெந்த பீன்ஸ்' என்று பொருள். தென்பகுதி மக்கள் கறுப்பு பீன்ஸை விரும்புகின்றனர். சிவாவா, துராங்கோ முதலிய வடபகுதி மாநிலங்களில் பின்ட்டோ பீன்ஸுக்கு மதிப்பு அதிகம். 'பின்ட்டோ' என்ற ஸ்பானியச் சொல்லுக்கு வண்ணம் பூசியது என்று பொருள். வெளிறிய தோலின்மீது பழுப்பு மையைத் தெளித்தாற்போல் காணப்படும் இவ்விதை, வெந்ததும் புள்ளிகளை இழந்து ஒரே பழுப்பு நிறமாகிவிடும். புகையிட்டு உலர்த்திய மிளகாயை இதனுடன் சேர்த்தால் விறகடுப்பில் சமைத்தது போன்ற மணம் கமழும்.

இந்தப் பானையில் விதை, வெப்பம், புகை என மூன்று பொருள்களின் வரலாறு அடங்கியிருக்கிறது. மூன்றாவதான புகை உணவுக்குச் சுவை சேர்த்தது. சமைத்தவரின் நெஞ்சையும் அரித்தது. இவ்விரண்டையும் எவ்வாறு பிரிப்பது என்பதே நம் கேள்வி.

விதையின் வயது

பின்ட்டோ, ராஜ்மா, நம் சந்தையில் விற்கும் பச்சை பீன்ஸ் ஆகிய யாவும் ஒரே தாவர இனத்தைச் சேர்ந்தவை. 'பாசியோலஸ் வல்காரிஸ்' என்பது அதன் அறிவியல் பெயர். காட்டுச் செடியாக இருந்த இதனை மெக்சிக்கோப் பகுதி மக்களும், தென் அமெரிக்காவின் ஆண்டிஸ் மலை மக்களும் ஒருவரையொருவர் அறியாமலே தனித்தனியாகப் பயிராக்கினர் என்பதை மரபணு ஆய்வுகள் காட்டுகின்றன. காட்டுச் செடியின் நெற்று முற்றியதும் முறுக்கிக்கொண்டு வெடித்து விதையைச் சிதறடிக்கும். வெடிக்காத நெற்றையும் பெரிய விதையையும் தலைமுறை தலைமுறையாகத் தேர்ந்தெடுத்து விதைத்ததன் பயனே இன்றைய பீன்ஸ்.

இது எப்போது நடந்தது? 1960-களின் தொடக்கத்தில் மெக்சிக்கோவின் தெவாக்கான் பள்ளத்தாக்குக் குகைகளை ரிச்சர்டு மக்நீஷ் குழுவினர் அகழ்ந்தனர். அங்குக் கிடைத்த பீன்ஸ் விதைகள் ஆறு, ஏழாயிரம் ஆண்டுப் பழமையானவை என்று முதலில் கருதப்பட்டது. அந்த வயது விதையை நேரடியாக அளந்து பெற்றதன்று. விதை கிடந்த மண்ணடுக்கின் வயதே விதைக்கும் உரியது என்று கொள்ளப்பட்டது. ஆனால் எலி வளை தோண்டினாலும் மேலடுக்கு விதை கீழடுக்கிற்குப் போய்விடுமே!

கார்பன்-14 அணுக்களில் பாதி 5,730 ஆண்டுகளில் சிதைந்துவிடும். பழைய முறையில், இச்சிதைவு ஒவ்வொன்றாக நிகழ்வதற்குக் காத்திருந்து எண்ண வேண்டும். அதற்குக் கிராம் கணக்கில் கார்பன் தேவை. ஒரு சிறு விதைக்கு அது கட்டுப்படியாகாது. 1977-இல் தோன்றிய புதிய முறையில், துகள் முடுக்கியின் துணையால் கார்பன்-14 அணுக்களையே நேராக எண்ணிவிடலாம். மில்லிகிராம் அளவு பொருள் போதும். இம்முறையில் தெவாக்கான் விதைகளை அளந்து லாரன்ஸ் கப்லான், தாமஸ் லிஞ்ச் ஆகியோர் 1999-இல் முடிவுகளை வெளியிட்டனர். அங்குள்ள மிகப் பழைய பீன்ஸ் விதைக்கே வயது ஏறத்தாழ 2,300 ஆண்டுகள்தாம் என்று தெரிந்தது! பயிர் தோன்றியது அதற்கும் முன்னர்தான். ஆனால் கையில் உள்ள விதையின் வயது ஒரேயடியாகப் பாதிக்கும் கீழே இறங்கிவிட்டது. இயற்பியல் கருவி ஒன்று வரலாற்றைத் திருத்திய நல்ல எடுத்துக்காட்டு இது.

மக்காச்சோளத்தின் தண்டில் பீன்ஸ் கொடியைப் படரவிடுவது அந்நாட்டு வேளாண் முறை. கொடியின் வேர் முடிச்சுகளில் வாழும் பாக்டீரியா காற்றிலுள்ள நைட்ரஜனை நிலைப்படுத்தித் தருகிறது. தட்டிலும் இவ்விரண்டும் துணையே. மக்காச்சோளத்தில் குறைவாக உள்ள லைசின் பீன்ஸில் மிகுதி. பீன்ஸில் குறைவாக உள்ள மெத்தியோனினை மக்காச்சோளம் ஈடுசெய்கிறது. அஸ்டெக் பேரரசுக்கு மாகாணங்கள் கட்டிய திறையில் களஞ்சியம் களஞ்சியமாகப் பீன்ஸும் இருந்ததை 1540-களில் வரையப்பட்ட மெண்டோசா சுவடி காட்டுகிறது.

மலைநாட்டில் வேகாத விதை

உலர்ந்த பீன்ஸை வேக வைப்பது எளிதன்று. விதையின் செல்களை ஒட்டவைத்திருக்கும் பெக்டின் என்னும் பசை, கால்சியம், மக்னீசியம் அயனிகளால் இறுகியிருக்கும். அது கரைந்தால்தான் பருப்பு குழையும். அதற்கு வெப்பமும் நேரமும் வேண்டும்.

மெக்சிக்கோ நகரம் கடல் மட்டத்திலிருந்து சுமார் 2,240 மீட்டர் உயரத்தில் உள்ளது. நம் ஊட்டியின் உயரமும் ஏறக்குறைய இதுவே. காற்றழுத்தம் அங்குக் கடலோரத்தில் உள்ளதில் முக்கால் பங்கைச் சற்றே மிஞ்சும். எனவே தண்ணீர் 93 டிகிரி செல்சியஸிலேயே கொதித்துவிடுகிறது. எவ்வளவு விறகைத் திணித்தாலும் திறந்த பானையில் வெப்பநிலை அதற்குமேல் ஏறாது. நீராவிதான் அதிகமாகும். சமையல் நேரம் நீள்வதற்கு இதுவே காரணம்.

அம்மக்கள் இதற்கு ஒரு வழி கண்டிருந்தனர். டெஸ்கோக்கோ ஏரிக்கரையில் பூக்கும் 'தெக்கெஸ்கித்தே' என்ற கார உப்பைப் பானையில் சிறிது இட்டனர். அதிலுள்ள சோடியம், பெக்டினைப் பிணைத்திருக்கும் கால்சியத்தை இடம்பெயர்க்கிறது. காரத்தன்மை பெக்டினை விரைவில் கரைக்கிறது. நம் வீடுகளில் ஆப்ப சோடாவைக் கிள்ளிப் போடுவதும் இதே வேதியியல்தான். தக்காளி, புளி போன்ற புளிப்புப் பொருள்கள் இதற்கு நேர்மாறாக விதையை இறுக்கிவிடும்.

அழுத்தத்தை உயர்த்திக் கொதிநிலையையே உயர்த்தும் வழியை டெனி பாப்பன் 1679-இல் இலண்டனில் காட்டினார். இன்றைய பிரஷர் குக்கரின் முன்னோடி அது. குக்கரின் எடைக் குமிழ் வெளிக்காற்றைவிட ஒரு வளிமண்டல அழுத்தம் மிகுதியாக இருக்கும்போது தூக்கும் என்று கொள்வோம். கடலோரத்தில் உள்ளே வெப்பநிலை 121 டிகிரியை எட்டும். மெக்சிக்கோ நகரத்தில் வெளியழுத்தமே குறைவு என்பதால் சுமார் 116 டிகிரிதான். ஆனாலும் 93-ஐ விட அது எவ்வளவோ மேல். நீராவி அட்டவணையை வைத்து மாணவர்கள் இதனைச் சரிபார்க்கலாம்.

மிளகாயில் ஏறிய புகை

புகையிட்ட மிளகாயின் பெயர் 'சிப்போட்லே'. நாவாட் மொழியில் 'சில்லி' மிளகாய், 'போக்ட்லி' புகை. 'புகையும் மலை' என்று பொருள்படும் போப்போக்காதெபெட்ல் எரிமலையின் பெயரிலும் இந்த வேர்ச்சொல்லே இருக்கிறது. 16-ஆம் நூற்றாண்டில் அஸ்டெக் மக்களின் வாழ்வை அவர்களிடமே கேட்டு எழுதிவைத்த பெர்னார்டினோ தே சாஹாகுன் என்ற துறவி, சந்தை மிளகாய் வணிகரின் சரக்குப் பட்டியலில் புகையிட்ட மிளகாயையும் குறிப்பிடுகிறார்.

இன்று சிப்போட்லே பெரும்பாலும் ஹலப்பேன்யோ வகைப் பழ மிளகாயிலிருந்து செய்யப்படுகிறது. இதன் சதை தடிப்பானது. நம் குண்டு மிளகாயைப்போல் வெயிலில் பரப்பினால் காய்வதற்குமுன் அழுகிவிடும். ஆகவே மூட்டத்தில் நாட்கணக்கில் வைத்து உலர்த்துகின்றனர். ஏறத்தாழ பத்துக் கிலோ பழம் ஒரு கிலோவாக வற்றுகிறது. மரத்திலுள்ள லிக்னின் வெப்பத்தால் சிதைந்து குவாயக்கால், சிரிங்கால் முதலிய பீனால் சேர்மங்களாகிறது. புகை மணத்திற்கு இவையே காரணம். கிருமிகளைத் தடுத்து மிளகாயைக் கெடாமல் காப்பதிலும் இவற்றுக்குப் பங்குண்டு.

நெஞ்சில் ஏறிய புகை

அதே மரப்புகையில் மணமற்ற வேறு பொருள்களும் உள்ளன. கார்பன் மோனாக்சைடு ஒன்று. 2.5 மைக்ரோமீட்டருக்கும் குறைந்த நுண்துகள்கள் மற்றொன்று. தலைமயிரின் தடிமனில் முப்பதில் ஒரு பங்கும் இல்லாத இத்துகள்கள் நுரையீரலின் அடிவரை சென்று படிகின்றன. மூன்று கல் அடுப்பில் எரியும் விறகின் வெப்பத்தில் பெரும்பகுதி பானையைச் சேர்வதில்லை. பீன்ஸ் வேகும் மணிக்கணக்கான நேரமும் அடுப்பருகே இருந்தவர் பெண்ணே.

மெக்சிக்கோ நகரத்து மருத்துவர்கள் 1996-இல் வெளியிட்ட ஆய்வில் இதனை அளந்தனர். ஒரு பெண் நாள்தோறும் விறகுப் புகையில் கழித்த மணிகளை, அவ்வாறு சமைத்த ஆண்டுகளால் பெருக்கினர். நாளுக்கு 5 மணி வீதம் 40 ஆண்டுகள் என்றால் 200 'மணி-ஆண்டு'. இந்த எண் உயர உயர, நாட்பட்ட மூச்சுக்குழல் அழற்சி நோய்க்கான வாய்ப்பும் உயர்ந்தது.

இதற்கு மாற்றாக மிச்சோவாக்கான் மாநிலத்தில் 2000-க்குப்பின் உருவானதே 'பட்சாரி' அடுப்பு. புரெப்பெச்சா மொழியில் 'காப்பது' என்று பொருள். தீயை மூடிய அறைக்குள் வைத்து, புகையைப் போக்கி வழியே கூரைக்குமேல் அனுப்புவது இதன் அமைப்பு. 2009-இல் வெளிவந்த ஆய்வு ஒன்றின்படி, முதல் விநாடியில் ஊதி வெளியேற்றக்கூடிய காற்றின் அளவு, திறந்த அடுப்பில் சமைத்த பெண்களிடம் ஓராண்டில் 62 மில்லிலிட்டர் குறைந்தது. பட்சாரியை முறையாகப் பயன்படுத்தியவர்களிடம் குறைவு 31 மில்லிலிட்டரே. ஆனால் அடுப்பைப் பெற்றவர்களில் அதனை முதன்மையாகப் பயன்படுத்தியோர் பத்தில் மூவர்தாம். புதிய அடுப்பைக் கட்டிக்கொடுத்தால் மட்டும் போதாது, சமைப்பவரின் பாத்திரத்திற்கும் பழக்கத்திற்கும் அது இசைய வேண்டும் என்பது இதனால் விளங்கும்.

நம் வீட்டில் செய்ய

பின்ட்டோ கிடைக்காவிடில் புள்ளியுள்ள 'சித்ரா' ராஜ்மா ஏற்றது. கால் கிலோ விதையை இரவில் ஊறவைத்து, அந்நீரைக் கொட்டிவிட வேண்டும். புதிய நீரூற்றிப் பத்து நிமிடம் தளதளவெனக் கொதிக்கவிடுக. இது கட்டாயம். பீன்ஸ் விதையில் லெக்டின் என்ற நச்சுப் புரதம் உள்ளது. ராஜ்மாவில் அது மிகுதி. 80 டிகிரி அளவில் மெல்லச் சூடாக்கினால் அது அழியாது. அரைவேக்காட்டு விதை கடும் வாந்தி, வயிற்றுப்போக்கை உண்டாக்கும்.

பின்னர் உப்பிட்டு, குக்கரில் பாதிக்கு மேற்படாமல் நிரப்பி, ஆவி வந்தபின் சிறு தீயில் 20 முதல் 25 நிமிடம் வைக்கலாம். முதலிலேயே உப்பிட்டால் வேகாது என்ற அச்சம் வேண்டாம். அதிலுள்ள சோடியம் தோலை மென்மையாக்கவே உதவும். விதை குழைந்த பிறகு, வதக்கிய வெங்காயம், பூண்டு, தக்காளியுடன் ஓரிரு சிப்போட்லே மிளகாயையோ, பெருநகரக் கடைகளில் விற்கும் புகையிட்ட மிளகாய்த்தூளையோ சேர்த்து 15 நிமிடம் கொதிக்கவிட்டு இறக்குக.

வேண்டிய மணம் மிளகாயிலிருந்தே வந்துவிடும். அதற்காக யாரும் மூட்டத்தருகே அமர்ந்திருக்க வேண்டியதில்லை. மெக்சிக்கோவிலும் நம் நாட்டிலும் இன்னும் பல இலட்சம் வீடுகளில் விறகுப் புகை சமையலறைக்குள்ளேயே சுற்றிவருகிறது. புகை சட்டியில் இருக்கலாம். சமைப்பவரின் மூச்சில் இருக்கலாகாது.