கதையிலிருந்து பிரிந்த ஆட்டம்: சி. மௌனகுருவின் கூத்துப் பரிசோதனைகள்

இலங்கையின் கிழக்குக் கரையோரக் கிராமங்களில் விடிய விடிய ஆடப்பட்ட கூத்தை, படித்த தமிழர் நீண்ட காலம் நாடகக் கணக்கில் சேர்க்கவில்லை. 1920களில் திருகோணமலை இந்துக் கல்லூரியில் பணியாற்றிய சுவாமி விபுலானந்தரின் ‘மதங்க சூளாமணி’ நாடக இலக்கணத்தை ஷேக்ஸ்பியரிடமும் தசரூபகத்திலும் தேடியது. காரைதீவில் பிறந்தவருக்குக் கூத்து ஆடப்படும் களரி அந்நியமாக இருந்திருக்காது. அவர் கையிலெடுத்த அளவுகோல்தான் வேறு. அந்த அளவுகோல் மாற மூன்று தசாப்தங்கள் பிடித்தன. மாற்றத்துக்கான தூண்டுதல், வேடிக்கையாக, சிங்கள அரங்கிலிருந்து வந்தது. தமிழ்க் கூத்தோடு உறவுடைய ‘நாடகம்’ எனப்படும் சிங்கள அரங்க வடிவத்தை வைத்து எதிரிவீர சரச்சந்திர 1956இல் ‘மனமே’யை மேடையேற்றியபோது, பேராதனைப் பல்கலைக்கழகத்தில் சு. வித்தியானந்தன் தமிழ்க் கூத்தின் பக்கம் திரும்பினார். ‘கர்ணன் போர்’ (1962) அதன் முதல் பெரிய விளைவு. இரவு முழுதும் நீளும் ஆட்டம் சில மணி நேரத்துக்குள் சுருங்கியது. நாற்புறமும் பார்ப்போர் சூழ்ந்த வட்டக்களரி, ஒருபுறம் திறந்த மேடையானது.

அந்தப் பரிசோதனையில் ஆடியும் எழுதியும் வளர்ந்தவர் மட்டக்களப்பு அமிர்தகழியைச் சேர்ந்த சி. மௌனகுரு. ‘இராவணேசன்’ பிரதியை எழுதி, இராவணனாகவும் ஆடினார். அவரை நாடகாசிரியர், ஆய்வாளர் என்று எழுதுவதே வழக்கம். ஆட்டத்தை அமைப்பவராகப் பார்த்தால் வேறொரு வரலாறு தெரிகிறது. பலரும் ‘இராவணேசன்’ நாடகத்தையே திருப்புமுனையாகக் கொள்கிறார்கள். என் கணிப்பில் அது 1969இல் வந்த அவரது ‘சங்காரம்’. கூத்தின் ஒரு பாணியான வடமோடியில் ஒரு பாத்திரத்தின் வரவு, அதற்குரிய தாளக்கட்டு, காலடி எல்லாம் அரசனையும் வீரனையும் அடையாளம் காட்டுபவை. ‘இராவணேசன்’ அந்த உறவைக் குலைக்காமல், இராவணனின் மனப்போராட்டத்துக்கு இடம் மட்டும் கூட்டியது. ‘சங்காரம்’ புராணத்தையே கைவிட்டது. உழைப்பாளரும் சமூகப் பேதங்களின் உருவங்களான அரக்கரும் அங்கே கூத்து அடி வைத்தார்கள். ஆட்டம் ஒரு கதைக்குச் சொந்தமானது என்ற நிலை போய், எந்தக் கருத்தையும் உடலால் சொல்லும் மொழியாக அது மாறியது. பெண்விடுதலை பேசிய ‘சக்தி பிறக்குது’ சாத்தியமானதும் இந்தப் பிரிவினால்தான்.

இதற்கு இரண்டு மறுப்புகள் உண்டு. புராணத்தை இழந்த கூத்து வெறும் உத்தியாகிவிடும் என்பது முதலாவது. கத்தோலிக்கக் கதைகளை ஆடிய கூத்துமரபு ஈழத்தில் ஏற்கெனவே இருந்ததை நினைத்தால் இது நிற்காது. கதை மாறுவது மரபுக்குப் புதிதல்ல. இரண்டாவது மறுப்பு கனமானது. மட்டக்களப்பில் சி. ஜெயசங்கர் முன்னெடுத்த கூத்து மீளுருவாக்கம், பல்கலைக்கழகச் செம்மையாக்கம் கூத்தை அதன் சமூகத்திலிருந்து பிரித்துவிட்டதாகக் கருதியது. ஆடுவோருக்குப் பாட்டுப் பிரதியை வழங்கும் சட்டங்கொடுத்தல் முதல் அரங்கேற்றம் வரை மாதக்கணக்கில் ஊரே கூடி உழைப்பதுதான் கூத்து. மேடையில் மிஞ்சுவது அதன் கடைசி இரவு மட்டுமே என்ற வாதத்தில் நியாயம் இருக்கிறது. மௌனகுருவின் ஆக்கங்கள் அந்தச் சமூக நிகழ்வுக்கு மாற்றாகா. ஆனால் அவற்றை அதற்கு மாற்றாக அளப்பதும் பிழை. அந்தச் சமூக நிகழ்வும் குறையற்றதல்ல: கிராமக் களரியில் கூத்தைப் பயிற்றுவிக்கும் அண்ணாவியாரின் அதிகாரம் சாதி, பால் எல்லைகளோடும் பிணைந்திருந்தது. பெண் பாத்திரங்களையும் ஆண்களே ஆடினர். அந்த எல்லைகளைக் கேள்விக்குட்படுத்த மீளுருவாக்கமே பின்னர் முயன்றது என்பதை மறக்கக் கூடாது. களரியைத் திருத்தியவர்களும் களரியை விட்டு வெளியேறியவரும் வெவ்வேறு வழிகளில் ஒரே சிக்கலைத்தான் தொட்டார்கள்.