ஒப்பனைக் கலைஞரின் உறுப்பினர் அட்டை: சாரு குரானா தீர்ப்பும் சாதியும்

‘சாரு குரானா எதிர் இந்திய ஒன்றியம்’ வழக்கில் உச்ச நீதிமன்றம் 2014 நவம்பர் 10 அன்று வழங்கிய தீர்ப்பு, திரைக்குப் பின்னால் உழைப்போரின் தொழிலுரிமை பற்றிய முதன்மையான ஆவணங்களுள் ஒன்று. பாலினப் பாகுபாட்டு வழக்காகவே இது பேசப்படுகிறது. சாதியின் பேரால் வேலை மறுக்கப்படுவோரும் இதிலிருந்து எடுத்தாளத்தக்க வாதங்கள் உண்டு என்பது நம் கருத்து.

வழக்கின் பின்னணி

கலிபோர்னியாவில் ஒப்பனைக் கலை பயின்ற சாரு குரானா, மும்பையிலுள்ள திரைப்பட உடை, ஒப்பனை, சிகையலங்காரக் கலைஞர்கள் சங்கத்தில் ஒப்பனைக் கலைஞராகச் சேர 2009இல் விண்ணப்பித்தார். பெண் என்பதால் மறுக்கப்பட்டார். ஒப்பனை ஆண்களுக்கு, சிகையலங்காரம் பெண்களுக்கு என்ற பிரிவினை அங்கே ஏறத்தாழ அறுபது ஆண்டுகளாக நிலவியது. பெண்கள் ஒப்பனைக்கு வந்தால் ஆண்களின் பிழைப்புக் கெடும் என்பது சங்கத்தின் வாதம். மகாராஷ்டிரத்தில் ஐந்தாண்டுகள் வசித்திருக்க வேண்டும் என்றும் துணைவிதி கோரியது. அட்டையின்றி வேலை செய்தால் தடையும் அபராதமும் காத்திருந்தன. எனவே ஒப்பனை அறிந்த பெண்கள் கேரவனுக்குள் மறைவாக வேலை செய்ய நேர்ந்தது.

தீர்ப்பின் அடிப்படை

தனியார் அமைப்பான ஒரு சங்கத்தின்மீது அடிப்படை உரிமைகளை எவ்வாறு வலியுறுத்துவது? நீதிபதிகள் தீபக் மிஸ்ரா, யு.யு. லலித் அமர்வு இதற்கு விடையளித்தது. அன்று நடைமுறையிலிருந்த 1926ஆம் ஆண்டுத் தொழிற்சங்கச் சட்டத்தின்கீழ் அச்சங்கம் பதிவு பெற்றிருந்தது. பதிவாளர் சட்டத்தால் அமைந்த அதிகாரி. அரசமைப்புக்கு முரணான துணைவிதியை ஏற்க அவருக்கு அதிகாரமில்லை. சங்க உறுப்பினராவதில் அச்சட்டம் ஆண், பெண் வேறுபாடு காட்டவுமில்லை. சமத்துவம், தொழில் செய்யும் உரிமை, கண்ணியமான வாழ்வுரிமை ஆகியவற்றின் அடிப்படையில் பெண்களைத் தடுத்த விதியும் வசிப்பிட விதியும் செல்லாதவையாயின. 2020ஆம் ஆண்டின் தொழிலுறவுத் தொகுப்புச் சட்டத்திலும் பதிவாளர் பொறுப்பு தொடர்வதால், இவ்வாதத்தை இன்றும் முன்வைக்கலாம்.

சாதி எழுதப்படுவதில்லை

எந்தச் சங்கமும் தன் துணைவிதியில் சாதியைக் குறிப்பிடாது. ஏற்கெனவே உறுப்பினரானவரின் பரிந்துரை, பெருந்தொகையான சேர்க்கைக் கட்டணம், இன்னாரிடம் உதவியாளராக இருந்த சான்று போன்ற நிபந்தனைகள் போதும். முந்தைய தலைமுறையில் உள்ளே இருந்தவர்கள் தம் உறவினரையும் ஊராரையுமே பரிந்துரைப்பர். பரிந்துரைக்க எவருமில்லாத தலித் இளைஞருக்கு, “இப்போது சேர்க்கை இல்லை” என்ற வாய்மொழிப் பதிலே கிடைக்கும். சாரு குரானாவிடம் எழுத்துப்பூர்வமான மறுப்பு இருந்தது. எதிர்க்க ஒரு விதியும் இருந்தது. இவ்விளைஞரிடம் அவ்விரண்டும் இல்லை.

கையில் உள்ள சட்டங்கள்

தீண்டாமையின் அடிப்படையில் ஒருவரைத் தொழிலோ வேலையோ செய்யவிடாமல் தடுப்பதை, 1955ஆம் ஆண்டுக் குடியுரிமைப் பாதுகாப்புச் சட்டத்தின் 4ஆவது பிரிவு குற்றமாக்குகிறது. குற்றமாகும் செயல் பட்டியல் சாதியினருக்கு எதிராக நிகழ்ந்திருப்பின், அது தீண்டாமையின் அடிப்படையிலேயே நிகழ்ந்தது என நீதிமன்றம் அனுமானிக்க வேண்டும் என்கிறது 12ஆவது பிரிவு. அன்று என மெய்ப்பிப்பது எதிர்த்தரப்பின் பொறுப்பு. 2015ஆம் ஆண்டுத் திருத்தத்திற்குப் பின், வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 3ஆவது பிரிவும் தொழில் செய்வதைத் தடுப்பதைத் தண்டனைக்குரியதாக்கியுள்ளது.

இவை பயன்பட வேண்டுமெனில் ஆவணம் தேவை. விண்ணப்பத்தை அஞ்சலில் அனுப்பி ஒப்புகை பெற வேண்டும். மறுப்புக்கான காரணத்தை எழுத்தில் கோர வேண்டும். சங்கத்தின் துணைவிதிகளைப் பதிவாளர் அலுவலகத்திலிருந்து தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் கேட்டுப் பெற வேண்டும். சேர்க்கை நிபந்தனைகளையும் கட்டணத்தையும் மறுப்புக் காரணங்களையும் திரைத்துறைச் சங்கங்கள் எழுத்தில் வெளியிடுமாறு பதிவாளர்கள் உத்தரவிட வேண்டும் என்பதே நம் கோரிக்கை. எழுத்தில் வந்த மறுப்பை நீதிமன்றத்துக்குக் கொண்டுசெல்வது எளிது.