போர் அதிகாரத் தீர்மானம் (1973)

அமெரிக்க அரசியலமைப்பின்படி முப்படைகளின் தலைமைத் தளபதி குடியரசுத் தலைவர். ஆனால் போரை அறிவிப்பதும் படைகளுக்கு நிதி ஒதுக்குவதும் சட்டமன்றமான காங்கிரசின் அதிகாரங்கள். ஒரே மனிதரின் முடிவால் நாடு போரில் இறங்கிவிடக் கூடாது என்பதே இப்பிரிவினையின் நோக்கம்.

நடைமுறை வேறாக இருந்தது. 1950-இல் ட்ரூமன் காங்கிரசின் ஒப்புதலின்றியே கொரியாவுக்குப் படைகளை அனுப்பினார். 1964 ஆகஸ்டில் ஜான்சன் கோரிய டோங்கின் வளைகுடாத் தீர்மானம் கீழவையில் 416–0, செனட்டில் 88–2 என நிறைவேறியது. அதைக் கொண்டே, முறையான போர் அறிவிப்பு இல்லாமல், வியட்நாம் போர் விரிந்தது. 58,000-க்கும் மேற்பட்ட அமெரிக்கப் படையினரும் பல இலட்சம் வியட்நாமியரும் மாண்டனர். 1969-இல் நிக்சன் தொடங்கிய கம்போடியக் குண்டுவீச்சு காங்கிரசில் பெரும்பாலோருக்கு மறைக்கப்பட்டது.

இந்நிலையில் காங்கிரஸ் போர் அதிகாரத் தீர்மானத்தை இயற்றியது. நிக்சன் அதை மறுத்துத் திருப்பி அனுப்பினார். 1973 நவம்பர் 7 அன்று இரு அவைகளும் மூன்றில் இரண்டு பங்குப் பெரும்பான்மையுடன் அம்மறுப்பைத் தள்ளிச் சட்டமாக்கின.

இதன் முக்கிய விதிகள்:

- படைகளைப் போர்ச் சூழலில் ஈடுபடுத்தினால் 48 மணி நேரத்தில் காங்கிரசுக்கு அறிக்கை தரவேண்டும்.
- காங்கிரஸ் ஒப்புதல் தராவிடில் 60 நாள்களில் நடவடிக்கையை நிறுத்தவேண்டும். படைகளைப் பாதுகாப்பாகத் திரும்பப்பெற மேலும் 30 நாள்கள் உண்டு.

எனினும் 1999-இல் கொசோவோவிலும் 2011-இல் லிபியாவிலும், காங்கிரசின் வெளிப்படையான ஒப்புதல் இல்லாமலேயே, நடவடிக்கைகள் 60 நாள்களைக் கடந்தன. அதிகாரம் ஏட்டில் இருந்தால் மட்டும் போதாது; உறுப்பினர்கள் அதைப் பயன்படுத்தத் துணிந்தால்தான் சட்டமன்றம் குடியரசுத் தலைவருக்குக் கடிவாளமாக இருக்க முடியும்.