ஒறாபி பாஷாவின் கடிதக்கட்டு

ஒறாபி பாஷா என்றதும் எமக்கு நினைவுக்கு வருவது துருக்கித் தொப்பியும் ஸாஹிராக் கல்லூரியும்தான். காத்தான்குடி, ஏறாவூர்ப் பக்கத்து மூத்தவர்களின் பழைய படங்களில் அத்தொப்பியைக் காணலாம். அவர் உயிரோடு இலங்கை வந்துசேர உதவிய கடிதக்கட்டைப் பற்றி மட்டும் நாம் பேசுவதில்லை.

1882 செப்டம்பர் 13இல் தெல் எல் கபீர் போரில் எகிப்தியப் படை தோற்றது. ஒறாபி சரணடைந்தார். அலெக்சாந்திரியாவில் விழுந்த கொலைகளும் தீவைப்பும் அவர் தலையிலேயே சுமத்தப்பட்டன. லண்டன் பத்திரிகைகளுக்கு அவர் வெறும் கலகக்காரர். அவரோ தம் கடிதங்களில் 'அஹ்மத் ஒறாபி, எகிப்தியன்' என்றே கையொப்பமிட்டவர். துருக்கியரும் சர்க்கேசியரும் அதிகாரம் செலுத்திய படையில், நாட்டுப்புறக் குடியானவ வீட்டுப் பிள்ளையொருவர் அப்படி எழுதுவது சாதாரண விடயமன்று.

அவருடைய ஆங்கில நண்பர் வில்பிரட் பிளண்ட் ஏற்பாடு செய்த வழக்கறிஞர் புரோட்லி கெய்ரோ போய்ச் சேர்ந்தார். வீட்டில் மறைத்து வைத்திருந்த கடிதங்கள் பணியாளின் உதவியோடு அவர் கைக்கு வந்தன. சுல்தானின் அரண்மனையைச் சேர்ந்தோர் அவ்வாண்டுத் தொடக்கத்தில் ஒறாபியைப் பாராட்டி எழுதியவையும் அவற்றுள் இருந்தன. அதே சுல்தான்தான் செப்டம்பரில் அவரைக் கலகக்காரரென்று பிரகடனம் செய்தவர்! பத்திரிகையாளர் நிறைந்த மன்றில் இவை வாசிக்கப்பட்டால் யார் யாருக்கெல்லாம் தலைகுனிவு? டிசம்பர் 3இல் ஒறாபி கலகக் குற்றத்தை மட்டும் ஒப்புக்கொண்டார்; மரணதண்டனை நாடுகடத்தலாக மாறியது. கடிதங்கள் மட்டுமே காரணமென்று சொல்லமாட்டேன். அவை இல்லாமல் இது நடந்திருக்குமென்றும் நம்பவில்லை.

அந்த ஒக்டோபரில் கிரகரி சீமாட்டி ஒறாபியின் தாயையும் மனைவியையும் பிள்ளைகளையும் பற்றி டைம்ஸ் பத்திரிகையில் எழுதினார். நல்லெண்ணத்தோடுதான். ஆயினும் வீட்டுப் பெண்களின் பேச்சை அந்நியர் படிப்பது அக்குடும்பத்துக்கு எப்படி இருந்திருக்கும்? நம் வீடுகளில் கடிதமும் அமானிதந்தான். ஓர் உயிரைக் காக்க அதை வெளியே எடுத்த பணியாளை நான் குறைசொல்லேன். ஊரறியப் பரப்புவது வேறு.

1883 ஜனவரியில் ஒறாபியும் தோழர் அறுவரும் கொழும்பில் இறங்கினர். சித்திலெவ்வையின் 'முஸ்லிம் நேசன்' அப்போதுதான் தொடங்கியிருந்தது. 1884இல் புரோட்லி இவ்வழக்கைப் புத்தகமாக்கியபோது கடிதங்களும் அதில் அச்சேறின. அதே ஆண்டில் ஒறாபி கொழும்பில் சித்திலெவ்வை முதலானோரோடு பள்ளிக்கூடம் திறந்துகொண்டிருந்தார்.