நிழல் மீண்டது, குரல்?

நிலத்தைப் பறிக்க வந்தவன் துப்பாக்கி ஏந்தி வந்தான். நினைவைப் பறிக்க வந்தவனோ பாடநூலும் படக்கருவியும் ஏந்தி வந்தான்! அமெரிக்காவின் தென்மேற்கே வாழும் நவாஹோ மக்களின் வரலாறு நமக்கு இதைத்தான் கூறுகிறது. அவர்கள் தமக்கு இட்டுக்கொண்ட பெயர் ‘தினே’. ‘மக்கள்’ என்பது அதன் பொருள். அந்த மக்களை மக்களாகவே மதிக்க மறுத்தது வெள்ளை ஆட்சி!

1864-இல் முதியோர், மகளிர், மழலையர் என்றும் பாராது, நூற்றுக்கணக்கான கல் தொலைவு நடத்திச்சென்று, நியூ மெக்சிகோவின் பாஸ்கே ரெடோண்டோவில் அடைத்தது படை. 1868-இல் உடன்படிக்கை கண்டு ஊர் திரும்பினர். அடுத்து வந்தது பள்ளிக்கூடம். அறிவு புகட்டவா? தாய்மொழி பேசிய குழந்தையைத் தண்டிக்க! அதே மொழியைத்தான், 1942 முதல், சப்பானியர் அறியவொண்ணாத மறைமொழியாக்கிப் பசிபிக் போர்முனையில் பயன்படுத்தியது அமெரிக்கா. பள்ளியிலே குற்றம், போர்க்களத்திலே கேடயம்! என்னே நீதி!

திரையுலகம் மட்டும் வேறா? 1938 முதல் ஜான் ஃபோர்டு, அவர்தம் மண்ணில், மான்யுமென்ட் பள்ளத்தாக்கில் படமெடுத்தார். 1956-இல் வந்த படத்தில் நவாஹோக்கள் கமாஞ்சே குடியினராயினர். 1964-இல் செயன் குடியினராயினர். முகம் அவர்களுடையது, கதை எவருடையதோ!

1966-இல் சோல் வொர்த், ஜான் அடேர் எனும் அறிஞர் இருவர், அரிசோனாவின் பைன் ஸ்பிரிங்சில், நவாஹோ மக்களின் கையிலேயே படக்கருவியைக் கொடுத்தனர். “இதனால் ஆடுகளுக்கு நன்மை உண்டா?” என்ற பொருள்படக் கேட்டார் முதியவர் ஒருவர். பயன் யாதெனக் கேட்பதுதானே பகுத்தறிவு! சூசி பெனாலி எனும் பெண், தன் தாய் கம்பளம் நெய்வதைப் படமாக்கினார். அதில் தறியைவிட, மயிர் கத்தரிப்பதும், சாயத்துக்குச் செடி தேடி நடப்பதும், நூல் நூற்பதுமே மிகுதி. வாங்குவோன் கண்டது கம்பளம். மகள் கண்டது உழைப்பு! முதியவர் கேட்ட கேள்விக்கு இதனினும் நல்ல விடை வேறென்ன வேண்டும்?

ஆயினும், ஒரு துயரம் எஞ்சிநின்றது. ஆர்லீன் போமன் எனும் நவாஹோ மங்கை, கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் திரைக்கலை பயின்றவர். 1980-களின் நடுவில், தம் பாட்டியைப் படமெடுக்கச் சென்றார். பாட்டியோ படக்கருவியை வெறுத்தார். ஏன் என்று கேட்கவும் பேத்திக்கு நாவில்லை. தாய்மொழி அறியாதவர் அவர்! குருதி ஒன்று, இடையிலே மொழிபெயர்ப்பாளர்! அந்த மறுப்பையும் மறைக்காது திரையில் காட்டினார் போமன். பள்ளிக்கூடம் செய்த கொடுமைக்கு இதனினும் சான்று வேண்டுமோ?

2013-இல் புகழ்பெற்ற விண்வெளிப் படமொன்று நவாஹோ மொழியில் பேசிற்று. அடுத்த ஆண்டே, சிட்னி ஃபிரீலேண்ட் தம் மக்களின் இன்றைய வாழ்வைக் கதைப்படமாக்கினார். மகிழ்கிறோம்! ஆனால், தோழர்களே, கருவியை மீட்பது பாதி வெற்றி. பாட்டியும் பேத்தியும் இடைத்தரகரின்றிப் பேசும் நாளே முழு வெற்றி!