உறையின் பின்பக்கத்தையும் பாருங்கள்

கழக்கூட்டத்தில் டெக்னோபார்க் வந்தது 1990-ல். பிழைப்புக்காக இங்கே வந்த என் போன்ற தமிழர்களுக்கு ஊர்ச் செய்தி நொடியில் செல்போனுக்கு வந்துவிடுகிறது. ஆனால் இதே திருவனந்தபுரத்துக்கு முதல் விமானத் தபால் வந்தது 1935 அக்டோபர் 29 அன்றுதான்.

கொஞ்சம் பின்னால் போவோம். 1911 பிப்ரவரி 18. அலகாபாத் கண்காட்சித் திடலிலிருந்து ஆன்ரி பெக்கே என்ற பிரெஞ்சு விமானி, சுமார் 6,500 கடிதங்களோடு யமுனையைத் தாண்டி நைனியில் இறங்கினார். விமானத்தில் போன உலகின் முதல் அதிகாரபூர்வத் தபால் இது. இதற்கென்றே, மலைக்கு மேல் விமானம் பறக்கிற மாதிரி ஒரு தனி முத்திரை செய்தார்கள்.

1929-ல் லண்டன் விமானத் தபால் கராச்சி வரை வந்தது. 1932 அக்டோபர் 15-ல் ஜே.ஆர்.டி. டாட்டா அங்கிருந்து பம்பாய்க்கு ஓட்டிவந்த பையை, நெவில் வின்சென்ட் பெல்லாரி வழியாக மறுநாள் சென்னையில் சேர்த்தார். மூன்று வருஷம் கழித்து அதே டாட்டா விமானம் பம்பாயிலிருந்து திருவனந்தபுரம் வந்தபோது, சித்திரைத் திருநாள் மகாராஜாவுக்கு வைஸ்ராய் வில்லிங்டன் அனுப்பிய பிறந்தநாள் வாழ்த்தும் அதில் வந்தது.

வேடிக்கை என்னவென்றால், திருவாங்கூருக்கு அப்போது சொந்தத் தபால் துறையே இருந்தது. பெயர் 'அஞ்சல்'. ஆமாம், நாம் அஞ்சலகம் என்கிறோமே, அதே சொல்தான்! 1888 முதல் சங்கு போட்ட தபால்தலைகள். மணி கட்டிய ஈட்டியோடு ஓடிய அஞ்சலோட்டக்காரர்கள் வேறு. 1951-ல்தான் அது இந்தியத் தபாலோடு சேர்ந்தது.

சரி, இதெல்லாம் நமக்கு எதற்கு என்கிறீர்களா? தபால்தலை எவ்வளவு காசு கட்டினார்கள் என்று சொல்லும். எந்த வழியாக, எத்தனை நாளில் வந்தது என்று சொல்வது முத்திரைதான். முன்பக்கம் புறப்பட்ட ஊரும் தேதியும். பழைய உறைகளில் பின்பக்கம் பெரும்பாலும் வந்து சேர்ந்த தேதி. நீல 'ஏர் மெயில்' சீட்டின்மேல் இரண்டு கோடு குத்தியிருந்தால், விமானப் பயணம் அங்கே முடிந்தது, மிச்ச தூரம் ரயிலிலோ கப்பலிலோ என்று அர்த்தம்.

பர்மா, இலங்கை, மலேயா, வளைகுடா என்று போனவர்கள் எழுதியவை நம் வீட்டுப் பரணில் இன்னும் இருக்கலாம். பிள்ளைகள் ஆசையாகத் தபால்தலையை மட்டும் கிழித்தால் பாதி முத்திரையும் அதோடு போய்விடும். உறையை முழுசாக வையுங்கள். செல்லோடேப் ஒட்டாதீர்கள். கடிதத்தில் தாத்தா தன் சௌக்கியத்தைத்தான் எழுதியிருப்பார். அதற்காகப் பாட்டி எத்தனை நாள் காத்திருந்தார் என்பது முத்திரைகளில் இருக்கிறது.